காதால் பந்தயம் பார்ப்பவர்

கோயம்புத்தூரில் ரேஸ் கோர்ஸ் என்று பெயர் பெற்ற ஒரு பகுதி இருக்கிறது. துரைமார் காலத்தில் அங்கே குதிரைகள் ஓடின; இப்போது அந்த வட்டப்பாதையில் சர்க்கரை வியாதிக்காரர்களும், மில் பங்குதாரர்களும், பென்ஷன் வாங்குகிற உத்தியோகஸ்தர்களும் விடியற்காலையில் வேர்க்க விறுவிறுக்க நடக்கிறார்கள். அந்தச் சுற்று ஏறக்குறைய 2.5 கிலோமீட்டர். மெய்யாகவே பந்தயம் நடக்கிற இடமோ, நகரத்துக்குத் தெற்கே செட்டிபாளையத்தில் இருக்கும் கரி மோட்டார் ஸ்பீட்வே. அதன் ஒரு சுற்று 2.1 கிலோமீட்டர்தான். நடக்கிறவர்களுக்கு நீளமான பாதையும் பறக்கிறவர்களுக்குக் குட்டையான பாதையும் ஒதுக்கி வைத்த இந்த நகரத்தின் விவேகத்தை நான் பலமுறை வியந்ததுண்டு.

அந்த இரண்டாவது பாதையின் வேலியோரத்தில், தேசியப் பந்தயம் நடக்கிற வெள்ளி, சனி, ஞாயிறு மூன்று நாட்களிலும், வெள்ளை வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, சட்டைப் பையில் ஒரு வெர்னியர் காலிப்பர் துருத்திக்கொண்டிருக்க, கண்களை இறுக மூடியபடி ஒருவர் நிற்பார். புதிதாய்ப் பார்ப்பவர்கள் அவருக்கு வெயிலில் தலை சுற்றிவிட்டதென்று எண்ணித் தண்ணீர்ப் பாட்டிலை நீட்டுவார்கள். அவர் ஒரு விரலை உயர்த்தி ‘சும்மா இருங்க’ என்று சைகை காட்டுவார். அவர் பந்தயம் பார்த்துக்கொண்டிருக்கிறார். லேத்துப் பட்டறை வைத்திருப்பவர், அல்லது வைத்திருந்து மகன் கையில் ஒப்படைத்துவிட்டவர். கணபதியிலோ ஆவாரம்பாளையத்திலோ பீளமேட்டிலோ இவரைப் போல் தெருவுக்கு ஒருவர் இருப்பார். எனக்கு வாய்த்தவரை நான் ‘அண்ணன்’ என்று அழைக்கிறேன். அவர் என்னை, நான் முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் காலம் தள்ளிய ஒரே குற்றத்துக்காக, ‘வாத்தியாருங்’ என்று அழைக்கிறார்.

இந்தக் காது எங்கிருந்து வந்தது என்பதைச் சற்றுச் சாவகாசமாகச் சொல்ல வேண்டும். கொங்கு நாட்டு மண் வறண்ட மண், கிணறுகள் ஆழமானவை, ஆகையால் 1930-களில் பைகாரா மின்சாரம் சமவெளிக்கு இறங்கி வந்தபோது, மற்ற ஊர்கள் அதைக்கொண்டு விளக்கேற்றி மகிழ்ந்திருக்க, இந்த ஊர் அதைக்கொண்டு பம்பு ஓட்டலாமா என்று யோசித்தது. 1937-ல் ஜி. டி. நாயுடுவும் டி. பாலசுந்தரம் நாயுடுவும் இங்கேயே ஒரு மின் மோட்டாரைச் செய்து காட்டினார்கள். அன்றுமுதல் கொங்குக் குடியானவன், நடுராத்திரியில் கட்டிலில் புரண்டு படுத்தபடியே, அரை பர்லாங்குக்கு அப்பால் ஓடும் மோட்டார் தண்ணீரை இழுக்கிறதா, வற்றிய கிணற்றில் வெறுங்காற்றை இழுக்கிறதா என்று சத்தத்தைக்கொண்டே நிதானித்துவிட்டு, தேவைப்பட்டால் மட்டும் எழுந்துபோய் நிறுத்தக் கற்றுக்கொண்டான். அந்தக் குடியானவனுடைய பேரன்தான் நம் அண்ணன். சங்கீத வித்வான்களின் வீட்டுப் பிள்ளைகளுக்குத் தொட்டிலிலேயே சுருதி கூடிவிடுவதைப் போல, இவருக்கு ஆர்.பி.எம். கூடிவிட்டது.

மைதானத்தின் பெயரில் உள்ள ‘கரி’ என்பதை வெளியூர்க்காரர் எவராவது புகைக்கரி என்று அர்த்தம் செய்துகொண்டால் அண்ணனுக்கு முகம் சிவந்துவிடும். அது எஸ். கரிவர்தன் என்கிற மனிதரின் பெயர். ஆலை முதலாளிகளின் குடும்பத்தில் பிறந்து, சோழவரத்தின் பழைய யுத்தகால விமானத்தளத்தில் கார் ஓட்டிப் பரிசுகள் பெற்று, அதோடு திருப்தியடையாமல், மாருதி 800 காரின் சின்னஞ்சிறு இன்ஜினைக் கழற்றி, நான்கு சக்கரமும் வெளியே தெரிகிற ஒற்றை ஆசனப் பந்தயக் காரில் பொருத்தி, ‘ஃபார்முலா மாருதி’ என்று ஒரு வகுப்பையே உண்டாக்கி, அதிகச் செலவில்லாமல் இந்தியப் பிள்ளைகள் பந்தயம் பழக வழிசெய்தவர். 1995-ல் விமான விபத்தில் காலமானார். அவர் ஞாபகார்த்தமாக அவர் பெயர் தாங்கி நிற்பதே இந்தப் பாதை. மளிகைச் சாமான் வாங்கப் போகிற காரின் இன்ஜினை வைத்துப் பந்தயம் நடத்தலாம் என்று ஒருவருக்குத் தோன்றியதைத்தான் அண்ணன் அந்தச் சரித்திரத்தில் மிகவும் ரசிக்கிறார். “காசை விட்டெறிஞ்சா எவன் வேணும்னாலும் வெசையாப் போவானுங்க. கணக்குப் பார்த்துப் போனாரு பாருங்க, அதுதானுங்க வித்தை” என்பார்.

உலகத்தில் மற்றவர்களுக்குப் பந்தய வாரம் என்பது வெள்ளிக்கிழமை முளைத்து, சனிக்கிழமை வளர்ந்து, ஞாயிற்றுக்கிழமை பூத்துக் குலுங்குகிற ஒன்று. அண்ணனுக்கு அது நேர்மாறு. வெள்ளிக்கிழமைதான் அவருக்கு நோம்பி.

அன்றைக்கு ஜனக்கூட்டம் கிடையாது, ஒலிபெருக்கி கிடையாது, மேடை கிடையாது. பயிற்சி ஓட்டம் மட்டுமே. ஓட்டுகிற பிள்ளைகள் நாலு சுற்றுப் போய்விட்டுத் திரும்பி வந்து உதட்டைப் பிதுக்குவார்கள், மெக்கானிக்குகள் மூடியைத் திறப்பார்கள், ஒருவன் இறக்கையை ஒரு துளையளவு சாய்ப்பான், ஒருவன் டயரின் காற்றை அளந்து கொஞ்சம் ‘புஸ்’ஸென்று விடுவான், இன்னொருவன் டயரின் மேல்தோலில் உள்பக்கம், நடு, வெளிப்பக்கம் என்று மூன்று இடங்களில் சூட்டைக் குத்திப் பார்த்து ஏட்டில் எழுதிக்கொள்வான். உள்பக்கம் அதிகச் சூடானால் சக்கரம் உள்ளே சாய்ந்திருக்கிறது, நடுவில் சூடானால் காற்று மிஞ்சியிருக்கிறது என்று அண்ணன் எனக்கு விளக்கிய விதத்தில், கை நாடி பிடித்து வாதபித்தம் சொன்ன பழைய வைத்தியர்களின் கம்பீரம் இருந்தது. கார்கள் எதிரே பறக்கும்போது மட்டும் கண்ணை மூடிக்கொள்வார். மூன்று சுற்றுக் கழித்துத் தீர்ப்பு வரும்.

“அந்த நீல வண்டி கேட்டீங்களா வாத்தியாருங்? திருப்பத்துல ஆக்ஸிலேட்டரை விட்டு மிதிக்கிறப்ப ஒரு ‘டிக்’ கேக்குது. கியர் பாக்ஸுங்க. ஞாயித்துக்கிழமை தாங்காதுங்க.”

எனக்குக் கேட்டதெல்லாம் ஆயிரம் குளவிகள் ஒன்றாகக் கலைந்த சத்தம். இருந்தாலும் ‘ஆமாங்க’ என்றேன். நிபுணர்களோடு பழகுவதற்கு இந்த ஒரு சொல் தெரிந்தால் போதுமானது.

பந்தயத்தின் தலையெழுத்து வெள்ளிக்கிழமையே எழுதப்பட்டுவிடுகிறது என்பது அண்ணனுடைய சித்தாந்தம். அதை யாராவது ஆட்சேபித்தால், கைவசம் தயாராக ஒரு சாட்சியம் வைத்திருக்கிறார். அதுவும் சொந்த ஊர்ச் சாட்சியம். 2005-ல் ஃபார்முலா ஒன் களத்தில் இறங்கிய முதல் இந்தியர் நரேன் கார்த்திகேயன் கோயம்புத்தூர்ப் பிள்ளை. அவருடைய தந்தை ஜி. ஆர். கார்த்திகேயனும் தென்னிந்திய ராலியைப் பலமுறை வென்றவர். அந்த வருஷம் ஜூன் மாதம் அமெரிக்காவின் இண்டியானாபோலிஸில் நடந்த பந்தயத்தில் நரேன் நான்காவதாக வந்து ஐந்து புள்ளிகள் பெற்றார். இதைக் கேட்டதும் விஷயம் தெரிந்த வெளியூர்க்காரர் ஒரு குறும்புச் சிரிப்புச் சிரிப்பார். ஏனென்றால் அன்று ஓடியவை ஆறே கார்கள். மிஷலின் டயர் போட்ட மற்ற 14 கார்களும், அணிவகுப்புச் சுற்று முடிந்த மாத்திரத்தில், வரிசையாகப் பிட்டுக்குள் நுழைந்து ஒதுங்கிக்கொண்டன. அந்தச் சிரிப்புக்காகவே அண்ணன் காத்திருப்பார்.

“ஏனுங்க ஒதுங்குனாங்க? வெள்ளிக்கிழமைப் பயிற்சியில 13-வது திருப்பத்துல ரால்ஃப் ஷூமாக்கரு வண்டிக்குப் பின் டயர் போச்சுங்க. சரிஞ்ச திருப்பம், பாரம் பூராவும் டயர் மேலதான் விழும். அந்த வருஷம் நடுவுல டயர் மாத்தவும் கூடாதுன்னு சட்டம். அத்தனையும் வெள்ளிக்கிழமையே தெரிஞ்சு போச்சு. நம்ம பையன் வண்டியில பிரிட்ஜ்ஸ்டோன். நின்னுச்சு, ஓடுச்சு, நாலாவதா வந்துச்சு. பந்தியில ஆறு பேரு உக்காந்தாலும் எலை எலைதானுங்களே?”

இதற்கு மறுமொழி சொன்ன வெளியூர்க்காரரை நான் இதுவரை சந்திக்கவில்லை.

சனிக்கிழமை தகுதிச் சுற்று. அண்ணனுடைய உற்சாகத்தில் கால் பங்கு குறைந்திருக்கும். ஆயினும் ஒவ்வொரு காரும் கடிகாரத்தோடு மல்லுக்கட்டுகிற காட்சியில் அவருக்குப் பூர்வஜென்ம வாசனை ஒன்று உண்டு. உடுமலை, பொள்ளாச்சிப் பக்கத்து ரேக்ளாப் பந்தயங்களில், 200 மீட்டர், 300 மீட்டர் என்று தூரம் குறித்து, காங்கேயம் காளைகள் பூட்டிய சின்ன வண்டிகளை ஓடவிட்டுக் காலத்தைக் கணக்கிடுவார்கள். வாலிபத்தில் அவரும் ஒரு ஜோடி வைத்திருந்தார். இந்தப் பிள்ளைகள் நேரப் பலகையைப் பார்த்து ஒரு நொடியின் நூறில் ஒரு பங்குக்காகத் தலையில் கை வைக்கும்போது, அவர் அனுதாபத்தோடு, “மாட்டுக்குப் பருத்திக்கொட்டையைக் கூட வெச்சுப் பாக்கலாம், இதுக்கு என்னத்தை வெக்கிறது?” என்பார். மத்தியானம் அவருடைய தூக்குப் போசியிலிருந்து தயிர்ச் சோறும் ஊறுகாயும் எனக்கும் பங்கு வந்தது. யார் ஜெயிப்பார் என்று கேட்டேன். மிகுந்த யோசனைக்குப் பின் ஒரு காரைச் சுட்டினார். இந்த விஷயத்தில் அவருடைய தீர்க்கதரிசனம் ஒருமுறைகூடப் பலித்ததில்லை என்பதைச் சிநேகிதத்தை முன்னிட்டு அடக்கமாகவே சொல்லி வைக்கிறேன்.

ஞாயிற்றுக்கிழமை அவருக்குப் பிடிப்பதில்லை. குடும்பம் குடும்பமாக ஜனங்கள் வந்துவிடுகிறார்கள். கல்லூரிப் பிள்ளைகள் செல்போனை உயரப் பிடித்துக்கொண்டு பந்தயத்துக்கு முதுகைக் காட்டி நிற்கிறார்கள். ஒலிபெருக்கியில் ஒருவர் இடைவிடாமல் பேசுகிறார். சிவப்பு விளக்குகள் அணைந்து எல்லாக் கார்களும் ஒருசேரப் பாயும்போது, அனைவரும் எழுந்து நிற்கிற அந்தக் கணத்தில், அண்ணன் முகத்தைச் சுளித்துக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறார். கல்யாண வீட்டில் நூறு பேர் ஒரே சமயத்தில் பேசினால் எவருடைய குரலென்று பிரித்தறிவது? “ஒண்ணும் கேக்கலீங்க” என்று அவர் சொன்னபோது, மூன்று மைல் சுற்றளவில் இருந்த நாய்களெல்லாம் அந்தச் சத்தத்தில் குரைத்துக்கொண்டிருந்தன.

பாதிப் பந்தயத்தில் அந்த நீல வண்டி நொண்டிக்கொண்டு ஓரம் கட்டியது. அண்ணன் எழுந்தார். அதற்குப் பிறகு பந்தயம் எங்களுக்கு முடிந்துபோயிற்று. மெக்கானிக்குகளில் ஒருவன் அவர் பட்டறையில் தொழில் பழகியவன். அந்த உறவைப் பிடித்துக்கொண்டு, பந்தயம் முடியும் நேரத்தில் காரின் அருகிலேயே போய்ச் சேர்ந்துவிட்டோம். பின் சக்கரத்தைத் தாங்குகிற கம்பியைப் பிணைத்திருந்த போல்ட் முறிந்திருந்தது. கியர் பாக்ஸுக்கு ஒரு குறையுமில்லை.

“சத்தம் சரிங்க, இடந்தான் தப்பு” என்று அண்ணன் சற்றும் கலங்காமல் சொல்லிவிட்டு, முறிந்த துண்டை வாங்கி வெளிச்சத்தில் திருப்பினார். “இங்க பாருங் வாத்தியாருங். பாதி வழவழன்னு இருக்குது, பாதி கரடுமுரடா இருக்குது. வழவழன்னு இருக்கிறது இன்னைக்கு முறிஞ்சதில்லீங்க. மயிரிழை மாதிரி ஒரு விரிசல் விழுந்து, ஓடுற ஓட்டத்துல ஒன்னோட ஒன்னு உரசி, கொஞ்சங் கொஞ்சமா உள்ள போயிருக்குது. மிச்சம் இருந்த கரட்டுப் பாதிதான் இன்னைக்கு ஒரே அடியாப் போனது. வெள்ளிக்கிழமை ‘டிக்’குனு சொன்னது இதுதானுங்க.” பக்கத்தில் தலைக்கவசத்தைக் கையில் பிடித்துக்கொண்டு நின்ற, மீசை அரும்பிய அந்த ஓட்டுநர்ப் பிள்ளை, அழுகையை மறந்துவிட்டுக் குனிந்து பார்த்தான். “கண்ணு, இதை ஒரு காகிதத்துல மடிச்சுக் குடுத்தீன்னா வீட்டுக்குக் கொண்டுபோய் பூதக்கண்ணாடி வெச்சுப் பாப்பேன்” என்று அண்ணன் கேட்டதற்கு, வெற்றிக் கோப்பை கேட்டிருந்தாலும் கொடுத்திருப்பான் போன்ற பாவனையோடு அவன் மடித்துக் கொடுத்தான்.

திரும்பும்போது அண்ணனுடைய மொபெட்டில் பின்னால் உட்கார்ந்து வந்தேன். மணிக்கு முப்பது கிலோமீட்டருக்கு மேல் அவர் போவதில்லை. சைக்கிளில் போகிற பள்ளிப் பையன்கள் எங்களைத் தாண்டிப் போனார்கள். மட்கார்டு ஒன்று கழன்று வழியெல்லாம் கடகடவென்று அடித்துக்கொண்டே வந்தது. ஊரிலுள்ள இன்ஜினையெல்லாம் கேட்கிற காதில் அது மட்டும் விழவேயில்லை. அவர் வீட்டில் கிரைண்டர் மூன்று மாதமாகக் கரகரக்கிறது என்பதும், “பேரிங் போச்சு போலீங்களே” என்று அந்த அம்மாள் சொன்னபோது, “பேரிங் இல்லை, பெல்ட்டு” என்று தீர்ப்பு வழங்கியதோடு அவர் நின்றுவிட்டார் என்பதும் எனக்கு முன்பே தெரியும்.

போத்தனூர் நெருங்கும்போதுதான் எனக்கு ஞாபகம் வந்தது.

“ஏனுங்கண்ணா, கடைசியில ஜெயிச்சது யாருங்க?”

அவர் ஒரு கையை ஹாண்டில் பாரிலிருந்து எடுத்து, சட்டைப் பையில் அந்தக் காகிதப் பொட்டலம் பத்திரமாக இருக்கிறதா என்று தொட்டுப் பார்த்துக்கொண்டார்.

“நாளைக்குப் பேப்பர்ல போடுவாங்க, பாத்துக்கலாமுங்க.”