டிக்கி மட்டும் பின்னால் வருகிறது

"குழாய்க்கு வாஷர் மாற்ற நேரமில்லை, 1998-ல் வந்த கேமுக்கு ரிப்பேர் பார்க்க மட்டும் நேரமிருக்கு." உறவினர்களிடம் என் சகதர்மிணி என்னை அறிமுகப்படுத்தும் விதம் இது.

கேமின் பெயர் 'ஃபால்அவுட் 2'. அமெரிக்காவின் பிளாக் ஐல் ஸ்டுடியோஸ் செய்தது. அணுகுண்டுப் போரில் பாழாய்ப் போன கலிஃபோர்னியாப் பக்கம் கால்தேய நடக்க வேண்டும். 'டென்' என்ற ஊரில் ஒரு ஓட்டைக் கார் கிடைக்கும். ஒரு உதிரிபாகமும் 2,000 டாலரும் கொடுத்தால் ஓடும். துப்பாக்கி, தோட்டா, மருந்து எல்லாவற்றையும் டிக்கியில் போட்டுக்கொண்டு கிளம்பலாம். பிழைகளைத் திருத்தும் 'பேட்ச்' போடாத பதிப்பில் கார் சில சமயம் மாயமாகிவிடும். சில சமயம் டிக்கி மட்டும் கழன்று, போகிற ஊருக்கெல்லாம் மைத்துனர் மாதிரி நம் கூடவே வரும்.

இதைத் தீர்க்க 1.02 பேட்ச் வந்தது. ஆனால் அதைப் போட்டால் பழைய சேவ் ஒன்றும் செல்லாது. ராத்திரி ராத்திரியாகக் கண்விழித்துச் சேர்த்த கவசமும் காசும் போய், ஆரோயோ கிராமத்துக் கோயிலில் கையில் ஈட்டியோடு முதலிலிருந்து நிற்க வேண்டும். நின்றேன். இன்க்ரிமென்ட் நின்றபோதுகூட நான் இவ்வளவு துக்கப்படவில்லை.

ஐரோப்பியப் பதிப்பு இன்னும் விசேஷம். ஆட்டக்காரர் குழந்தைகளைச் சுடக்கூடாது என்று அவர்களின் உருவத்தையே எடுத்துவிட்டார்கள். உருவம் போயிற்றே தவிர பிள்ளைகள் போகவில்லை! டென் ஊர்க் கடைவாசலில் கண்ணுக்குத் தெரியாமல் நின்று, போகிறவர் வருகிறவர் பையிலிருந்து உருவுகிறார்கள். உருவிய சாமான் அந்தக் கடையிலேயே விற்பனைக்கு வரும். பிள்ளைகளை மீண்டும் கண்ணில் காட்ட ரசிகர்களே ஒரு பேட்ச் செய்தார்கள். ஆணியில் தொங்கும் என் சட்டைப் பைக்கு அப்படியொரு பேட்சை இன்னும் யாரும் எழுதவில்லை.

அமெரிக்க சிடிக்கு ஒரு 1.02, பிரிட்டிஷ் சிடிக்கு வேறொரு 1.02. இரண்டும் என்னிடம் உண்டு. பென் டிரைவில் ஒரு பிரதி, சிடியில் ஒரு பிரதி, அண்ணன் வீட்டுக் கம்ப்யூட்டரில் ஒரு பிரதி. "என்னங்க, வீட்டு வரி ரசீது எங்கே?" என்றால் மட்டும் விழிப்பேன். இத்தனைக்கும் இப்போது ஆன்லைனில் விற்கும் பதிப்பில் 1.02 போட்டே வருகிறது. என் பொக்கிஷம் யாருக்கும் வேண்டாம்.

ஆனாலும் எங்காவது பரணில் பழைய சிடி வைத்திருப்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன்: பேட்சைப் போட்டுவிட்டு ஆட்டத்தைத் தொடங்குங்கள். தொடங்கிவிட்டுப் போடாதீர்கள்.