படை செத்தது, தடை சாகவில்லை

சட்டவிரோத நடவடிக்கைகள் தடுப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையை யாராவது பொழுதுபோகாமல் படித்துப் பாருங்கள். அல்-கொய்தா, லஷ்கர்-இ-தொய்பா என்று உலகத்தையே மிரட்டிய பெயர்களுக்கு நடுவே நம்மூர்ப் பெயர் ஒன்றும் கம்பீரமாக உட்கார்ந்திருக்கும்: தமிழ்நாடு விடுதலைப் படை. 2002 ஜூலையில் போட்ட தடை. சேலம் புது பஸ் ஸ்டாண்டில் நிற்கும் ஒரு டவுன் பஸ்ஸை நிரப்பும் அளவுக்கு அந்தப் படையில் ஆள் சேர்ந்திருந்தாலே பெரிய விஷயம். அந்த ஆளும் செத்து, சிறைக்குப் போய், திரும்பி வந்து, ஓய்ந்து வெகு காலமாயிற்று. தடை மட்டும் கல்லுக்குண்டாக இருக்கிறது.

சிரிப்பதற்கு முன் சேலம் மத்திய சிறைக்கு ஒரு எட்டு போய்விட்டு வருவோம். 1950 பிப்ரவரி 11. குடியரசு பிறந்து பதினாறு நாள். நம் பக்கத்தில் பதினாறாம் நாள் காரியம் செத்தவர்களுக்குச் செய்வது. சர்க்கார் பச்சைக் குழந்தைக்கே செய்துவிட்டது. மதிலுக்குள் அடைபட்டுக் கிடந்த கம்யூனிஸ்ட் கைதிகள் மீது துப்பாக்கிச் சூடு. 22 பேர் பிணம். பெரும்பாலோர் மலபார் விவசாயிகள். திருட்டுக் கேஸில் வந்தவனைப்போல எங்களை நடத்தாதே, நாங்கள் அரசியல் கைதிகள் என்று கேட்டதுதான் தகராறின் மூலம். அப்போது சென்னை மாநில முதலமைச்சர் காந்தியவாதியான குமாரசாமி ராஜா. அஹிம்சைக்கு எந்தக் குறையும் வரவில்லை.

அவர்களை ஆயுத எழுச்சி வழிக்கு அனுப்பிய 1948 கல்கத்தா மாநாட்டுத் தீர்மானத்தைக் கட்சி மூன்றே ஆண்டில் தப்பு என்று சொல்லிக் கைவிட்டது. 1952 தேர்தலில் நின்று சென்னைச் சட்டமன்றத்தில் 62 இடம் பிடித்தது. சரியான முடிவுதான். அதைச் சேலத்துச் சிறையில் செத்தவர்களிடம் போய்ச் சொல்லத்தான் வழியில்லை.

பிறகு ஆரம்பித்தது பாகப்பிரிவினை. 1964-இல் ஒன்று இரண்டானது. நக்சல்பாரிக்குப் பிறகு 1969 ஏப்ரலில் சாரு மஜும்தார் மூன்றாவது அடுப்பைப் பற்றவைத்தார். 1972-இல் அவர் போலீஸ் காவலில் சாக, அந்த அடுப்பும் பத்தாக உடைந்தது. பங்காளிகள் வரப்புக்கு வெட்டிக்கொள்வதைப் பார்த்திருக்கிறோம். இவர்கள் கட்சிப் பெயருக்குப் பின்னால் அடைப்புக்குறிக்குள் எந்த எழுத்தைப் போடுவது என்று வெட்டிக்கொண்டார்கள். இந்தியா அரை நிலப்பிரபுத்துவ நாடா இல்லையா என்று ராத்திரி முழுக்க விவாதம். விடிந்தால் ஒரு தரப்புக்கு இன்னொரு தரப்பு திருத்தல்வாதி. நிலப்பிரபு மட்டும் நிம்மதியாகத் தூங்கி எழுந்து வயலுக்குப் போனார்.

இந்தக் கூட்டத்தில் தமிழரசனை மட்டும் அப்படிக் கேலி பேசிவிட்டுப் போக முடியாது. கோவையில் பொறியியல் படிப்பை உதறிவிட்டு வந்தவர். தூக்குத் தண்டனை ஆயுளாகக் குறைந்து 1983-இல் வெளியே வந்த புலவர் கலியபெருமாளின் கூட்டாளி. தேசிய இனக் கேள்வியில் அகில இந்தியத் தோழர்களோடு ஒத்துப்போகாமல் பிரிந்து, தமிழ்நாடு பொதுவுடைமைக் கட்சி (மா-லெ) என்று புதிதாக ஒரு அடைப்புக்குறி தொடங்கினார். அதன் ஆயுதக் கைதான் விடுதலைப் படை. மீன்சுருட்டியில் வைத்த அறிக்கையில், சாதியை ஒழிக்காமல் தமிழனுக்கு விடுதலை கிடையாது என்று எழுதினார். மற்ற இடதுசாரிகள், வர்க்கம் ஒழிந்தால் சாதி தானே உதிரும் என்று பஞ்சாங்கம் பார்த்துக்கொண்டிருந்த காலம் அது.

அறிக்கை எழுதிய கையோடு என்ன செய்தார்கள்? 1987 மார்ச் 15 ராத்திரி, அரியலூர் பக்கம் மருதையாற்றுப் பாலத்துக்கு வெடி வைத்தார்கள். மலைக்கோட்டை எக்ஸ்பிரஸ் கவிழ்ந்தது. இருபதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். முன்கூட்டியே தகவல் சொல்லிவிட்டோம், ரயில்வேக்காரன் கேட்கவில்லை என்று ஆதரவாளர்கள் இன்றைக்கும் சொல்வார்கள். அருமையான புரட்சி ஐயா அது! அது பலிக்க வேண்டுமென்றால், எந்த அரசை அயோக்கிய அரசு என்கிறோமோ அந்த அரசின் ஸ்டேஷன் மாஸ்டர் யோக்கியமாக வேலை பார்த்திருக்க வேண்டும். அந்த ரயிலில் எத்தனை முதலாளி ஏறியிருந்தான்? தூங்கிக்கொண்டு போனவர்கள் ஊருக்குப் போகிற ஜனங்கள். தோழர்களுக்கு ஆண்டுதோறும் வீரவணக்கக் கூட்டம் நடக்கிறது. பயணிகளுக்கு யார் மாலை வாங்கினார்கள்?

அதே ஆண்டு செப்டம்பர் 1, பொன்பரப்பி. ஸ்டேட் வங்கியில் கொள்ளையடிக்க வந்த தமிழரசனையும் நான்கு தோழர்களையும் பட்டப்பகலில் கூட்டம் அடித்தே கொன்றது. கூட்டத்துக்குள் மப்டியில் போலீஸ் இருந்தது என்பது தோழர்கள் தரப்பு. கையில் துப்பாக்கி இருந்தும் ஜனங்கள் மேல் சுடவில்லை என்பதும் அவர்கள் சொல்வதுதான். எப்படியோ, யாருடைய விடுதலைக்கு வந்தாரோ அந்த ஊர் நடுவிலேயே உயிர் போனது.

ஊர் அதோடு விட்டதா? 2019 ஏப்ரல் 18, நாடாளுமன்றத் தேர்தல் நாளில், அதே பொன்பரப்பியில் தலித் குடியிருப்புக்குள் புகுந்து வீடுகளை அடித்து நொறுக்கினார்கள். காரணம், விடுதலைச் சிறுத்தைகளின் பானைச் சின்னத்தை வைத்து எழுந்த தகராறு. சாதி ஒழிப்பு அறிக்கை எழுதியவன் ரத்தம் விழுந்த மண்ணில், முப்பத்திரண்டு வருடம் கழித்து நாம் வைத்த அஞ்சலி.

தமிழரசனுக்குப் பிறகு படையில் மீதி இருந்தவர்கள் காட்டுக்குள் போனார்கள். 2000-இல் கன்னட நடிகர் ராஜ்குமார் கடத்தப்பட்டபோது வீரப்பன் கூட்டத்தில் விடுதலைப் படைக்காரர்களும் இருந்தார்கள். யானையைக் கொன்று தந்தமும், மரத்தை வெட்டிச் சந்தனமும் விற்றவர் வாயிலிருந்து காவிரி நீரும் பெங்களூருக்குத் திருவள்ளுவர் சிலையும் கோரிக்கையாக வந்தன. மார்க்சையும் மீசையையும் முடிச்சுப் போட்ட 108 நாள் கூத்து. வீரப்பன் 2004-இல் நம் மேட்டூர் மூலக்காட்டு மண்ணுக்குள் போனார். படையும் ஏறக்குறைய அதோடு சரி.

ஆனால் நக்சலைட்டைக் கண்காணிக்க உருவான கியூ பிரிவு போலீஸ் அப்படியே இருக்கிறது. ஆபீஸ் இருந்தால் கோப்பு வேண்டும், கோப்பு இருந்தால் ஆள் வேண்டும். நிஜ ஆள் தீர்ந்துவிட்டால்? 2017 ஜூலையில் இதே சேலத்தில், எண்ணெய், எரிவாயுத் திட்டங்களை எதிர்த்த நெடுவாசலுக்கும் கதிராமங்கலத்துக்கும் ஆதரவாகத் துண்டறிக்கை கொடுத்த மாணவி மீது குண்டர் சட்டம் பாய்ந்தது. கூடவே நக்சல் தொடர்பு என்ற பேச்சும். ஆயுதம் என்று பார்த்தால் ஒரு கட்டுக் காகிதம். அப்போதைய முதலமைச்சர் சேலம் மாவட்டத்துக்காரர். சொந்த மாவட்டத்துப் பிள்ளை என்ற ஈரம்கூட இல்லை. செப்டம்பரில் உயர் நீதிமன்றம் அந்த உத்தரவைத் தூக்கிப் போட்டது. மறு வருடம் சேலம்-சென்னை எட்டு வழிச் சாலைக்குக் கல் நட வந்தார்கள். தென்னந்தோப்பையும் கிணற்றையும் விடமாட்டேன் என்ற விவசாயிக்கு முன்னால் போலீஸ் வேன் வந்து நின்றது. துப்பாக்கி எடுத்த தமிழரசனால் சர்க்காருக்கு வராத பயம், வாய் திறந்தவர்களால் வந்துவிட்டது.

இத்தனை நாளும் பள்ளிபாளையம், குமாரபாளையம் தறிப்பட்டறைகளில் ராத்திரி ஷிப்ட் ஓடிக்கொண்டுதான் இருந்தது. பட்டறைக்காரரிடம் அட்வான்ஸ் வாங்கினால் அந்தக் கடன் தீரும்வரை அந்தத் தறியை விட்டு நகர முடியாது. பிள்ளைக்குக் காது குத்தக் கடன், கடனுக்கு வட்டி, வட்டி கட்டக் குழுக்கடன். வாராவாரம் வாசலில் வசூல்காரன். கடைசியில் விற்பதற்கு மிச்சம் இருப்பது உடம்பு. வயிற்றோரம் தழும்போடு தறி ஓட்டுகிறவர்களைப் பற்றி வருடக்கணக்காகச் செய்தி வந்துகொண்டிருக்கிறது. 2025-இல் அந்தக் கிட்னி வியாபாரம் மறுபடி வெடித்து, இரண்டு தனியார் மருத்துவமனைகளின் உறுப்பு மாற்று உரிமம் ரத்தாகி, சிறப்புப் புலனாய்வுக் குழு அமைக்க உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை உத்தரவு போட வேண்டியிருந்தது.

பாலத்தைத் தேடிப் போன தோழர்களுக்கு இந்தத் தறிச் சத்தம் கேட்கவில்லை. துண்டறிக்கையில் நக்சலைட்டை மோப்பம் பிடித்த போலீசுக்குப் பள்ளிபாளையத்துக் கிட்னித் தரகனைத் தெரியவில்லை. இத்தனைக்கும் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம் 1976-இலேயே வந்துவிட்டது.