ரோஜா உங்கள் இஷ்டம்

கேள்வி: டிவி செய்தியாளர் ஆக ஆசை. "நம்ம முஸ்லிம் வீட்டுப் பொண்ணுக்கு இதெல்லாம் புதுசா இருக்கேம்மா" என்று இழுக்கிறார் அத்தா. என்ன சொல்ல?
– ஒரு வாசகி, மூலனூர்

பதில்: புதுசா? தூர்தர்ஷனில் சல்மா சுல்தான் 1967லேயே செய்தி வாசிக்க உட்கார்ந்துவிட்டாரே! முப்பது வருஷம் எழுந்திருக்கவில்லை. காதோரம் ஒரு ரோஜா; இந்தி தெரியாதவர்களுக்கும் அது புரிந்தது. 1984 அக்டோபர் 31 காலையில் இந்திரா காந்தி சுடப்பட்டார். உலக வானொலிகள் சொல்லி முடித்தபின், மாலையில்தான் தூர்தர்ஷன் வாய் திறந்தது. அது சல்மாவின் வாய். தாமதம் அரசாங்கத்துடையது, பாரம் அவருடையது. ஓய்வுக்குப் பிறகும் சும்மா இருக்காமல் சீரியல் இயக்கப் போனார்.

ஆனால் அவர் எழுதிக் கொடுத்ததை வாசித்தவர். செய்தியாளர் என்றால் வெயிலில் அலைய வேண்டும், தெரியுமா? உங்களூர் ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்தில் பருத்தி ஏலம் நடக்கும் நாளில் செல்போனோடு போங்கள். விலை ஏன் இறங்கியது என்று விவசாயியையும் வியாபாரியையும் கேட்டு, இரண்டு நிமிஷ வீடியோவாக்கி அத்தாவிடம் போட்டுக் காட்டுங்கள். ரோஜா உங்கள் இஷ்டம்.