ஏறுபவர் ஒருவர், ஏங்குபவர் பலர்

கே: செக் நாட்டுக் கால்பந்தில் இரண்டாம் லீகிலிருந்து முதல் லீகுக்கு எத்தனை அணி ஏறலாம்?

ப: சட்டப்படி மூன்று. நடப்பில் ஒன்று.

கே: புரியவில்லையே, கொஞ்சம் விளக்குங்களேன்!

ப: 16 அணிகளில் முதலிடம் பிடித்தவர் நேரே மேலே போவார். இரண்டாம், மூன்றாம் இடத்தவர்கள் முதல் லீகில் 14, 15ஆம் இடங்களில் தத்தளிப்பவர்களோடு பிளே-ஆஃப் ஆட வேண்டும். உள்ளூரில் ஒன்று, வெளியூரில் ஒன்று. இந்த ஏற்பாடு 2018-19 பருவத்தில் வந்தது. 2025 வரை பிளே-ஆஃப் நடந்தது ஐந்து ஆண்டுகள், ஆண்டுக்கு இரண்டு மோதல். பத்திலும் ஜெயித்தது முதல் லீக் அணிதான்! ப்ர்னோ, யிஹ்லாவா, ஓபாவா, வ்லாஷிம், விஷ்கோவ், தாபோர்ஸ்கோ எல்லாரும் கதவைத் தட்டினார்கள். தட்டிய கைதான் வலித்தது.

கே: அதற்கு முன்னால் எப்படி இருந்தது?

ப: மேலிருந்து இரண்டு பேர் கீழே, கீழிருந்து இரண்டு பேர் மேலே. பள்ளிக்கூடப் பையனுக்கும் ஒரு மூச்சில் சொல்லிவிடலாம். இப்போது முதல் லீக் 30 சுற்று ஆடிவிட்டு மூன்றாகப் பிரிகிறது. மேலே ஆறு பேர் பட்டத்துக்கு, நடுவில் நாலு பேர் ஐரோப்பிய வாய்ப்புக்கு, அடியில் ஆறு பேர் உயிருக்கு. கடைசி அணி மட்டுமே நேரே இறங்கும். மேலே இருப்பவர்கள் மெத்தை விரித்துக்கொண்டார்கள் என்பதே என் கட்சி.

கே: தோற்பது இரண்டாம் லீக் அணியின் திறமைக் குறைவு அல்லவா?

ப: பணக் குறைவு. ஒரு பருவம் முழுக்க ஸ்பார்டா, ஸ்லாவியா போன்ற பெரிய அணிகளிடம் அடி வாங்கியவனுக்கு உடம்பு உரமேறியிருக்கும். பருவத்தின் கடைசியில் அவனோடு இரண்டே ஆட்டம் ஆடி, பத்து மாத உழைப்பை நிரூபி என்றால் எப்படி?

கே: ஏறத் தகுதி பெற்றும் ஏறாத அணி உண்டா?

ப: உண்டு. ஜெர்மனி எல்லையோரச் சிற்றூர் வார்ன்ஸ்டோர்ஃப். 2014-15இல் இரண்டாம் இடம். பழைய விதிப்படி அது நேரடி டிக்கெட். ஆனால் முதல் லீக் கேட்கும் தரத்தில் ஊரில் ஸ்டேடியம் இல்லை. மூன்றாவதாக வந்த ஸ்லீன் மேலே போனது. கால் ஜெயித்தது, கான்கிரீட் தோற்றது.

கே: ஸ்டேடியம் இல்லாமலும் சிலர் ஏறியிருக்கிறார்களாமே?

ப: வாடகை வீடு பிடித்து! 2020இல் ஏறிய பார்துபிட்சே, ‘உள்ளூர்’ ஆட்டங்களைச் சுமார் 100 கி.மீ. தள்ளி, ப்ராக் நகரில் போஹேமியன்ஸ் கிளப்பின் மைதானத்தில் ஆடியது. சொந்த மண்ணுக்குத் திரும்பியது 2023இல்தான். 2021இல் ஏறிய ஹ்ரதெட்ஸ் க்ராலோவேயும் ம்லாதா போலெஸ்லாவுக்குக் குடிபோனது. அதன் பழைய மைதானத்தில் விளக்குக் கம்பங்கள் நெடுநெடுவென்று நிற்கும், உச்சியில் வட்டத் தலை; பார்த்தால் அசல் லாலிபாப். ஊரார் மைதானத்தையே ‘லாலிபாப்புகளின் கீழே’ என்றார்கள். 2023இல் புது அரங்கம் திறந்தபோதும் அந்த வட்டத் தலை விளக்குகள் நின்றன. ரசிகனின் பாசத்தை என்ஜினீயர் மதித்தால் இப்படித்தான் இருக்கும்.

கே: அதிகமாக ஏறி இறங்கியவர் யார்?

ப: அண்மைக் காலத்தில் ப்ர்னோ நகரின் ஸ்ப்ரோயோவ்காதான். 2020இல் ஏற்றம், 2021இல் இறக்கம், 2022இல் ஏற்றம், 2023இல் இறக்கம். நாட்டின் இரண்டாவது பெரிய நகரம், 1978இல் செக்கோஸ்லோவாகியாவின் சாம்பியன். அந்த ஊர் ரசிகருக்குச் சிலை வைக்கலாம்.

கே: கோவிட் காலத்தில் என்ன செய்தார்கள்?

ப: 2020இல் யாரையும் இறக்கவில்லை, இருவரை ஏற்றினார்கள். முதல் லீக் 18 அணியாக வீங்கியது. மறு வருடம் மூவரை இறக்கி, ஒருவரை ஏற்றி வீக்கம் வடிந்தது. பெருந்தன்மைக்கு ஆயுள் ஒரு வருடம்.

கே: ஸ்பார்டா, ஸ்லாவியாவின் பி அணிகளும் இரண்டாம் லீகில் ஆடுகின்றனவே. அவை முதலிடம் வந்தால்?

ப: கோப்பையைத் தொடலாம், படியைத் தொட முடியாது. அண்ணன் ஆடும் லீகில் தம்பிக்கு இடமில்லை. சரியான விதிதான். ஆனால் காயம் ஆறித் திரும்பும் சீனியரை ஒரு வாரம் இறக்கி, மறு வாரம் எடுத்துக்கொள்ளும் அணியிடம் புள்ளி இழப்பவன், ஏற்றக் கனவோடு ஆடுபவன். அவன் வயிற்றெரிச்சல் நியாயமானது.

கே: டுக்லா ப்ராக் இரண்டாம் லீகிலா இருந்தது? நம்ப முடியவில்லை!

ப: அதற்கும் கீழேகூட இருந்தது. செக்கோஸ்லோவாகியப் பட்டம் 11 முறை, 1962இல் தங்கப் பந்து வாங்கிய மசோபுஸ்ட், எல்லாம் இந்த ராணுவ அணியின் சொத்து. நாடு பிரிந்த பிறகு நடந்த முதல் பருவத்தில், 1993-94இல், ஒரே ஒரு வெற்றியோடு கடைசி இடம். 1986இல் ஓர் இங்கிலாந்து ராக் குழு கிறிஸ்துமஸ் பரிசாக டுக்லாவின் வெளியூர் ஜெர்சியைக் கேட்டுப் பாடியது! இடையில் மேலே வந்த அணி, 2019இல் மறுபடி இறங்கி, 2024இல் இரண்டாம் லீகை வென்று ஏறியது. பாட்டு மட்டும் இறங்கவே இல்லை.

கே: போஹேமியன்ஸ் சின்னத்தில் கங்காரு எதற்கு?

ப: 1927இல் ஆஸ்திரேலியாவுக்கு ஆடப் போனார்கள், உயிருள்ள இரண்டு கங்காருக்கள் பரிசாகக் கிடைத்தன. அது பழங்கதை. எனக்குப் பிடித்த கதை 2005. கடன் கழுத்தை நெரித்து, கிளப் மூன்றாம் படிக்கு விழுந்தது. நட்சத்திர வீரர் பனென்கா ஆடிய கிளப், 1983 சாம்பியன். ரசிகர்கள் கூட்டுறவுச் சங்கம் அமைத்தார்கள், பையிலிருந்து காசு போட்டார்கள். 2006இல் ஒரு படி, 2007இல் இன்னொரு படி, மீண்டும் முதல் லீக். கங்காரு தாவும் என்று தெரியும்; இரண்டே தாவலில் என்று யார் நினைத்தார்கள்!

கே: ஆடாமலே இறங்கிய அணி உண்டா?

ப: கிட்டத்தட்ட. ஸ்த்ரீஷ்கோவ் என்ற ப்ராக் புறநகர் கிளப், இதே போஹேமியன்ஸ் பெயரைச் சூடிக்கொண்டது. 2009-10இல் இரண்டு ‘போஹேமியன்ஸ்’ முதல் லீகில்! அசலோடு மோத வேண்டிய நாளில் நகல் வரவில்லை. புள்ளிகளைப் பிடுங்கினார்கள், பருவ முடிவில் நகல் கீழே.

கே: உங்களிடம் அதிகாரம் கொடுத்தால் என்ன மாற்றுவீர்கள்?

ப: இருவரை நேரே ஏற்று, இருவரை நேரே இறக்கு. பிளே-ஆஃப் மூன்றாமவருக்கு இருக்கட்டும். பத்துக்குப் பத்து என்று ஒரு பக்கமே ஜெயித்தால் அது போட்டி இல்லை, காவல்.

கே: ப்ராக் போகிறேன். எந்த ஆட்டம் பார்க்கலாம்?

ப: நகரின் ஷிஷ்கோவ் பகுதிக்குப் போங்கள். 1928 சாம்பியன் விக்டோரியாவின் மைதானம், வீடுகளுக்கு நடுவே. ஞாயிறு காலை 10.15க்கு ஆட்டம் தொடங்குவது அங்கே பழைய வழக்கம். சனி இரவு சீக்கிரம் தூங்குங்கள்.