வழக்கொழிந்த ‘பிக்’

எறிதல் என்ற பொருளில் ‘பிக்’ வழக்கொழிந்த சொல் என்பார்கள் ஆங்கிலப் பண்டிதர்கள். கோவைப் பக்கத்து விசைத்தறி ஊரான சோமனூருக்கு வந்து சொல்லட்டும். தறிச் சத்தத்தில் யாருக்கும் கேட்காது. நாடா ஒருதரம் பாவுக்குள் பாய்ந்தால் ஒரு பிக். இன்ச்சுக்கு எத்தனை பிக் என்று லென்ஸ் வைத்து எண்ணுவார்கள். கூலிக் கணக்கு அதிலிருந்துதான்.

ஷேக்ஸ்பியரின் ‘கொரியோலேனஸ்’ நாடகத்திலும் இந்த பிக் உண்டு. தானியம் கேட்டுத் தெருவுக்கு வந்த ஜனங்களை வெட்டி, தன் ஈட்டியை எறியும் உயரத்துக்குக் குவிப்பேன் என்கிறார் ஒரு பிரபு. நம்மூர் ஜவுளிக்காரர்கள் அவ்வளவு முரடர்கள் இல்லை. 2021-இல் சோமனூர் ரகத் துணிக்கு 23 சதவீத நெசவுக் கூலி உயர்வு என்று மரியாதையாக ஒத்துக்கொண்டார்கள். பணந்தான் வரவில்லை. 2022 ஜனவரியில் தறிகள் நின்றன. வாரக்கணக்கில் இழுத்து, கடைசியில் பேசி முடித்தது 23-க்கும் குறைவு.