ஆணி அடிக்கும் கலை

'மலைக்கள்ளன்' (1954) படத்துக்குக் கோவை பட்சிராஜா ஸ்டூடியோவிலேயே அரங்கு போட்டார்கள். பிறகு பொள்ளாச்சி வீடுகளே அரங்காயின. தென்மாவட்டக் கதையான 'தேவர் மகன்' (1992) படத்துக்கும் பொள்ளாச்சிப் பக்கம்தான். தொலைக்காட்சித் தொடர்கள் வந்ததும் நிலைமை தலைகீழ்: சென்னையில் பிளைவுட் சுவர் எழுப்பி, அதற்குக் கொங்குப் பண்ணை வீடு என்று பெயர்.

அதை வீடாக்குவது அரங்க அலங்காரக்காரர் பொறுப்பு. ஊஞ்சல், பித்தளைக் குத்துவிளக்கு, என்றைக்கும் வாடாத பிளாஸ்டிக் மாவிலைத் தோரணம். கஞ்சிக்கு வழியில்லாத குடும்பத்துக்கும் சோபாவுக்குப் பொருத்தமான நிறத்தில் திரைச்சீலை தொங்கும். முந்தின காட்சியில் காபி டம்ளர் எந்தப் பக்கம் இருந்தது என்று செல்போன் படத்தைப் பார்த்து வைப்பது அன்றாடக் கடமை.

தொழில் கைவந்ததற்கு அடையாளம் வேறு. சம்பளத் தகராறில் அப்பா நடிகர் விலகினால், மதியச் சாப்பாட்டுக்குள் அவர் படத்துக்கு பிரேம் போட்டு, சந்தன மாலை சாத்தி மாட்டிவிட வேண்டும். ஆணி மட்டும் முன்கூட்டியே அடித்திருக்கும்.