கால்ஷீட் தீர்ந்தால் கிளி

தூத்துக்குடிப் பக்கம் மாப்பிள்ளையூரணியில் ஒரு ஆள் கடன்காரனுக்குப் பயந்து நாலு நாள் தலைமறைவாக இருந்துவிட்டு டீக்கடையில் திடீரென்று முளைத்தால், "ஏல, விட்டலாச்சார்யா படத்துல இருந்தா வார?" என்பார்கள். தமிழைத் தாய்மொழியாகக் கொள்ளாத ஒருத்தர் உப்பளக் கரைவரை பேர் வாங்கியது சும்மா இல்லை.

மாயாஜாலப் படங்களுக்குப் பேர்போன இயக்குநர் பி. விட்டலாச்சார்யா 1920-ல் உடுப்பிக்குப் பக்கம் பிறந்தவர். சின்ன வயசிலேயே வீட்டைவிட்டு அரசிகெரே போய், எடுபிடி வேலை பார்த்து, கடைசியில் ஒரு உடுப்பி ஓட்டலுக்கு முதலாளியானார். 'வெள்ளையனே வெளியேறு' போராட்டத்தில் ஜெயிலுக்கும் போனார். வெளியே வந்தவர் டூரிங் டாக்கீஸ் பக்கம் சாய்ந்தார். பிறகு டி. சங்கர் சிங்கோடு சேர்ந்து மைசூரில் படக்கம்பெனி. பேர் மகாத்மா பிக்சர்ஸ். அதிலிருந்து 1951-ல் வந்தது கன்னட 'ஜகன்மோகினி'. காந்தி பேரில் போர்டு மாட்டி மோகினியை இறக்கிய தியாகி வேறு யாரும் உண்டா?

மதராஸுக்கு வந்து தெலுங்கில் இறங்கியபோதும் ஓட்டல்காரர் புத்தி போகவில்லை. மிஞ்சிய இட்லி மறுநாள் உப்புமா ஆவதுபோல, ஒரு படத்து அரண்மனை அடுத்த படத்தில் பாதாள லோகம் ஆகுமாம். நடிகர் கால்ஷீட் தராமல் முறுக்கிக்கொண்டால் மந்திரவாதி வந்து சபித்துவிடுவான்; ஹீரோ அன்றிலிருந்து கிளியோ ஆடோ. கோடம்பாக்கம் சொல்லிச் சிரிக்கும் கதை இது. ஆடு சம்பளம் கேட்காது, வசனத்தை மாற்றச் சொல்லாது. 'பந்திபோட்டு' (1963), 'அக்கி பிடுகு' (1964) என்று இவருக்கு வாள் சுழற்றிய என்.டி.ஆர் பின்னாளில் ஆந்திர முதலமைச்சரே ஆனார்.

தந்திரம் பழசுதான். கேமராவை நிறுத்து, ஆளை நகர்த்து, ஆட்டை நிறுத்து, மறுபடி ஓட்டு. 1896-ல் பாரிஸ் தெருவில் கேமரா சிக்கிக்கொள்ள, பஸ் சவவண்டியாக மாறியதைப் பார்த்து இதைக் கண்டுபிடித்ததாகப் பிரெஞ்சு சினிமா முன்னோடி மெலியே சொல்லியிருக்கிறார். அந்த மேதை கடைசியில் ரயில்வே ஸ்டேஷனில் பொம்மை விற்றார். நம்மவர் கல்லாப்பெட்டியைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை. அவர் படத்துக் குகைப் புதையலில் முத்து குவிந்து கிடப்பதை முத்துக்குளித்த எங்கள் கரை மட்டும் கடைசிவரை நம்பவில்லை.

1978-ல் தெலுங்கில் மறுபடி 'ஜகன்மோகினி'. ஜெயமாலினி பேய். தமிழிலும் பேசவைத்து இறக்கினார்கள். இங்கேயும் கூட்டம் அள்ளியது. விறகுக்குப் பதிலாகக் காலை அடுப்பில் வைத்துச் சமைக்கிற பேய் அது. எரிபொருள் செலவை மிச்சம் பிடிக்கும் பேயை ஒரு ஓட்டல்காரர் விடுவாரா?

1999-ல் அவர் காலமானார். 2009-ல் நமீதாவை வைத்து அதே பேரில் தமிழில் எடுத்தார்கள். கம்ப்யூட்டர் எல்லாம் இருந்தும், அந்த அடுப்புக் காலுக்குப் பக்கத்தில்கூட வரவில்லை.